டெல்ஃபியின் குறிமொழியும் மனிதனின் செவியும்

கிரேக்கத் தொன்மங்களைப் பற்றி நம்மிடையே நெடுங்காலமாக ஒரு கருத்து நிலவி வருகிறது. அவை குருட்டு விதியின் கதைகள். அங்கே மனிதன் ஒரு பொம்மை. தெய்வங்கள் எழுதி வைத்ததை அவன் ஆடிக் காட்டுகிறான். ஆதலால் அவனுக்குப் பொறுப்பும் இல்லை, மீட்சியும் இல்லை என்பதே அக்கருத்து. இதற்குச் சான்றாக எவரும் முதலில் சுட்டும் பாத்திரம் ஈடிப்பஸ். அவ்விதியை உரைத்த இடமாகச் சுட்டப்படுவது டெல்ஃபி.

இக்கருத்து எந்த அளவுக்குச் சரி? டெல்ஃபியின் குறிமொழி தொன்மங்களில் உண்மையில் என்ன பணியைச் செய்கிறது? 1949ஆம் ஆண்டில் அரபு நாடகாசிரியர் இருவர் ஈடிப்பஸ் கதையைத் தனித்தனியே எடுத்து மறுபடைப்புச் செய்தார்கள். இருவருமே அந்தக் குறிமொழியின் மீதுதான் கைவைத்தார்கள். அவர்கள் செய்தது சரியான வாசிப்பா? இவ்வினாக்களை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

தலமும் அதன் நடைமுறையும்

மத்திய கிரேக்கத்தில், கொரிந்து வளைகுடாவை நோக்கிய பர்னாசஸ் மலைச்சரிவில் டெல்ஃபி அமைந்துள்ளது. உலகின் கிழக்கு முனையிலிருந்தும் மேற்கு முனையிலிருந்தும் ஜீயஸ் பறக்கவிட்ட இரு கழுகுகள் சந்தித்த இடம் இதுவே என்றும், எனவே இது பூமியின் தொப்புள் என்றும் கிரேக்கர்கள் நம்பினர். அதன் அடையாளமாக ஒரு கல்லும் அங்கே வைக்கப்பட்டிருந்தது. அகழ்வாய்வுச் சான்றுகளின்படி, வழிபாட்டுத்தலமாக டெல்ஃபி கி.மு. 8ஆம் நூற்றாண்டில் வளரத் தொடங்கியது. கி.மு. 548இல் கோயில் தீக்கிரையாயிற்று. மீண்டும் எழுப்பப்பட்ட கோயிலை கி.மு. 373இல் நிலநடுக்கம் வீழ்த்தியது. இன்று சில தூண்களுடன் எஞ்சி நிற்பது அதன்பின் கட்டப்பட்டதாகும். 1892இல் பிரெஞ்சு அறிஞர்கள் முறையான அகழ்வாய்வைத் தொடங்கினர். அதன் பொருட்டு, இடிபாடுகளின் மேல் இருந்த கஸ்த்ரி என்னும் கிராமம் முழுவதும் வேறிடத்துக்குப் பெயர்க்கப்பட்டது.

அப்பல்லோவின் சார்பில் அங்கே குறி சொன்னவர் ஒரு பெண். அவரைப் பித்தியா என்று அழைத்தனர். மாதத்தின் ஏழாம் நாளில் மட்டுமே குறி கேட்க இயலும். குளிர்கால மூன்று மாதங்களில் அப்பல்லோ அங்கில்லை என்று கருதப்பட்டதால் அதுவும் நடைபெறாது. வந்தவர்கள் காணிக்கை செலுத்துவர். பலியிடப்படும் ஆட்டின் மீது குளிர்ந்த நீரைத் தெளிப்பர். ஆடு உடல் முழுவதும் நடுங்கினால்தான் தெய்வம் இசைந்தது என்று பொருள்.

பித்தியா பரவச நிலையை எய்தியது எவ்வாறு என்பது இன்றும் தீராத விவாதம். நிலப்பிளவிலிருந்து எழுந்த ஆவியே காரணம் என்று பண்டையோர் எழுதினர். அகழ்வாய்வில் அத்தகைய பிளவு எதுவும் காணப்படாததால், 20ஆம் நூற்றாண்டின் பெரும்பகுதியில் அறிஞர்கள் இதைக் கட்டுக்கதை என்று ஒதுக்கினர். 2001இல் தெ போயர், ஹேல் முதலியோர் கோயிலின் அடியில் நிலப்பிளவுக் கோடுகள் குறுக்கிடுவதாகவும் எத்திலீன் வாயு கசிந்திருக்கலாம் என்றும் ஆய்வுரை வெளியிட்டனர். அடுத்த சில ஆண்டுகளிலேயே பிற ஆய்வாளர்கள் அந்த வாயுவின் அளவையும் விளைவையும் மறுத்து எழுதினர். வாயு இருந்ததென்றே வைத்துக்கொண்டாலும், அது ஒரு பெண் மயங்கியதை விளக்குமேயன்றி, அவர் கூறிய சொற்களுக்காக அரசர்கள் ஆயிரம் ஆண்டுகள் மலையேறி வந்ததை விளக்காது. அதனை விளக்க வேண்டியது வேதியியல் அன்று, இலக்கியமும் வரலாறும்தான்.

தலம் யாருடையது?

டெல்ஃபியின் தோற்றத்தைக் கூறும் தொன்மங்கள் ஒன்றோடொன்று முரண்படுகின்றன. ஹோமரின் பெயரால் வழங்கும் அப்பல்லோ துதிப்பாடலில், அவன் வெற்றிடத்தில் கோயிலுக்கு அடித்தளமிடுகிறான். அருகிலிருந்த பெண் நாகத்தைக் கொல்கிறான். பின்னர் ஓங்கில் உருவில் கடலில் பாய்ந்து கிரீட் தீவு மாலுமிகளை அழைத்து வந்து பூசாரிகளாக்குகிறான். ஈஸ்கிலஸ் கி.மு. 458இல் அரங்கேற்றிய ‘யூமெனிடீஸ்’ நாடகத்தின் தொடக்கத்தில் பித்தியா கூறும் வரலாறு வேறு. அதன்படி தலம் முதலில் பூமித்தாய்க்கு உரியது. பின் தெமிஸ், பின் ஃபீபி, இறுதியில் அப்பல்லோ என எவ்விதப் பூசலுமின்றி அது கைமாறியது. யூரிப்பிடீஸோ ‘டாரிஸில் இஃபிஜெனியா’ நாடகத்தில் முற்றிலும் மாறாகச் சொல்கிறார். அப்பல்லோ தலத்தைப் பறித்துக்கொண்டான். பூமித்தாய் சினந்து மனிதர்களுக்குக் கனவுகள் வழியாக எதிர்காலத்தை அறிவித்து அவன் வருவாயைக் கெடுத்தாள். அவன் ஜீயஸிடம் முறையிட்டுக் கனவுகளை ஒழித்தான் என்பது அவர் தரும் கதை.

சென்ற நூற்றாண்டின் அறிஞர் பலர் இக்கதைகளிலிருந்து, தொல்பழங்காலத்தில் இங்கே தாய்த்தெய்வ வழிபாடு இருந்தது என்று வரலாறு எழுத முற்பட்டனர். கிறிஸ்டியான் சூர்வினூ-இன்வுட் 1987இல் எழுதிய கட்டுரை இதனைக் கண்டித்தது. முந்தைய உரிமையாளர் பற்றிய கதைகள் வரலாற்று நினைவுகள் அல்ல. ஒழுங்கற்ற ஆற்றலிலிருந்து ஒழுங்கு பிறந்தது என்னும் சிந்தனையின் வடிவங்கள் என்பது அவர் வாதம். இவ்வாதம் ஏற்கத்தக்கது என்றே கருதுகிறேன். ஈஸ்கிலஸின் நாடகம் பழிவாங்கலிலிருந்து நீதிமன்றத்துக்குச் செல்லும் பயணம். ஆதலால் அவருக்கு அமைதியான கைமாற்றம் தேவைப்பட்டது. யூரிப்பிடீஸுக்குத் தேவைப்பட்டது தெய்வத்தின் மீதான ஐயம். ஆக, தொன்மத்தில் டெல்ஃபி என்பது ஒரே பொருளுடைய இடமன்று. ஒவ்வோர் ஆசிரியரும் தமது கேள்வியை அங்கே கொண்டு சென்றார்.

கேட்கப்படாத கேள்வி

டெல்ஃபியைப் பற்றி மிகப் பரவலாக அறியப்பட்ட கதை, ஹெரோடோட்டஸ் கூறும் லிடியா மன்னர் குரோசஸின் கதை. அவர் முதலில் குறித்தலங்களையே சோதித்தார். தூதர்கள் புறப்பட்ட நூறாம் நாளில் தாம் என்ன செய்துகொண்டிருப்பார் என்று கேட்கச் செய்தார். அன்று அவர் ஆமையையும் ஆட்டுக்குட்டியையும் வெண்கலக் கொப்பரையில் வேகவைத்துக்கொண்டிருந்தார். டெல்ஃபி அதைச் சரியாகச் சொல்லியது. பின்னர் பாரசீகத்தின் மீது போர் தொடுக்கலாமா என்று கேட்டார். தொடுத்தால் ஒரு பேரரசு அழியும் என்று விடை வந்தது. தொடுத்தார், அழிந்தது அவருடைய பேரரசு. சிறைப்பட்ட பின் டெல்ஃபியை நொந்துகொண்டு ஆளனுப்பினார். எந்தப் பேரரசு என்று அவர் மீண்டும் கேட்டிருக்க வேண்டும். கேளாதது அவர் தவறு என்று மறுமொழி கிடைத்தது.

இதனை வெறும் தந்திரப் பேச்சு என்று சிரித்து ஒதுக்கிவிடலாம். ஆனால் கதையின் அமைப்பைக் கூர்ந்து நோக்க வேண்டும். விடையில் ஓர் இடைவெளி இருக்கிறது. அதைக் குரோசஸ் தம் ஆசையால் நிரப்புகிறார். நிரப்பியதே தெரியாமல் அதைத் தெய்வத்தின் சொல் என்று நம்புகிறார். கி.மு. 480இல் பாரசீகப் படை நெருங்கியபோது ஏதென்ஸுக்குக் கிடைத்த ‘மரச்சுவர்’ குறிமொழி இதற்கு நேர்மாறான எடுத்துக்காட்டு. மரச்சுவர் காக்கும் என்றதைச் சிலர் கோட்டையின் வேலி என்றனர். தெமிஸ்டோக்ளீஸ் கப்பல்கள் என்றார். ஏதென்ஸ் மக்கள் மன்றத்தில் கூடி வாதிட்டு முடிவு செய்தார்கள். சலாமிஸ் கடற்போரில் வென்றார்கள். குரோசஸ் தனித்துக் கேட்டார், தனித்தே முடிவு செய்தார். ஏதென்ஸ் மக்கள் கூடிக் கலந்தாலோசித்தார்கள். ஹெரோடோட்டஸ் இவ்விரு கதைகளையும் தம் நூலில் அமைத்த விதத்திலேயே அவரது தீர்ப்பு அடங்கியிருக்கிறது.

ஜோசஃப் ஃபாண்டன்ரோஸ் 1978இல் வெளியிட்ட நூல் இங்கு நமக்குப் பெரிதும் துணைசெய்கிறது. டெல்ஃபியின் பெயரால் வழங்கும் நூற்றுக்கணக்கான குறிமொழிகளை அவர் வகைப்படுத்தினார். சமகாலச் சான்றுகளின் அடிப்படையில் வரலாற்றுத் தன்மையுடையவை என்று அவர் ஏற்றவை 75 மட்டுமே. அவற்றுள் புதிரும் சிலேடையும் அநேகமாக இல்லை. எந்தத் தெய்வத்துக்குப் பலியிடுவது, இந்தச் சட்டம் ஏற்புடையதா என்பன போன்ற கேள்விகளுக்கான நேரடி விடைகளே அவற்றில் மிகுதி. இருபொருள்படும் குறிமொழிகள் கதைகளில்தான் வாழ்கின்றன. அதாவது, புதிர் பேசும் டெல்ஃபியைப் படைத்தவர்கள் பூசாரிகளைவிடக் கதைசொல்லிகளே. அவர்கள் அதைப் படைத்தது எதிர்காலத்தை முன்னறிவிப்பதற்காக அன்று. மனிதன் எப்படிக் கேட்கிறான் என்பதைக் காட்டுவதற்காக.

ஈடிப்பஸ் கேட்டதும் கேளாததும்

இப்போது சோஃபக்ளீஸின் ஈடிப்பஸ் நாடகத்துக்கு வருவோம். கொரிந்து நகரில் இளவரசனாக வளரும் ஈடிப்பஸை, குடிபோதையிலிருந்த ஒருவன், நீ உன் தந்தைக்குப் பிறந்தவன் அல்லன் என்று சொல்லிவிடுகிறான். ஐயம் தீர அவன் டெல்ஃபிக்குச் செல்கிறான். என் பெற்றோர் யார் என்பதே அவன் கொண்டு சென்ற கேள்வி. அதற்கு விடை கிடைக்கவில்லை. தந்தையைக் கொன்று தாயை மணப்பாய் என்ற வேறொரு சொல்லே கிடைக்கிறது. அவன் திகைத்துக் கொரிந்துக்குத் திரும்பாமல் ஓடுகிறான்.

இங்கே ஒரு நுட்பம் உள்ளது. பொலிபஸ்தான் உன் தந்தை என்று டெல்ஃபி சொல்லவில்லை. ஐயத்தோடு சென்றவன், அச்சத்தின் வேகத்தில் அந்த ஐயத்தையே மறந்துவிட்டான். தீர்க்கப்படாத கேள்வியைத் தீர்ந்ததாக எடுத்துக்கொண்டு நடந்தான். தந்தையைக் கொல்வாய் என்று எச்சரிக்கப்பட்டவன், தன் தந்தை யாரென்று அறியாத நிலையில், முச்சந்தியில் வழிவிடாத முதியவர் ஒருவரை அடித்துக் கொன்றான். குரோசஸின் கதையில் கண்ட அதே இடைவெளி இங்கும் இருக்கிறது. அங்கே ஆசை நிரப்பியது. இங்கே அச்சம் நிரப்பியது.

இதனால் ஈடிப்பஸ் முழுப் பொறுப்பாளி ஆகிவிடுவானா? அவ்வாறு சொல்வதும் மிகையே. அவன் அறியாமல் செய்தான்; அறிந்திருந்தால் செய்திருக்க மாட்டான். எனினும் நாடகத்தின் இறுதிப் பகுதியில், கண்களைத் தானே அழித்துக்கொண்டு வரும் ஈடிப்பஸ், இத்துன்பங்களைக் கொணர்ந்தவன் அப்பல்லோ என்று கூறிவிட்டு, ஆயினும் கண்களைத் தாக்கிய கை தன்னுடையதே, வேறெவருடையதும் அன்று எனும் பொருள்படப் பேசுகிறான். தெய்வத்துக்கு உரியதைத் தெய்வத்திடமும் தனக்கு உரியதைத் தன்னிடமும் பிரித்து வைக்கும் சொற்கள் அவை. குருட்டு விதியின் பொம்மை இவ்வாறு பேசாது.

மேலும் ஒன்று. லையஸுக்கு வந்த முதற் குறிமொழியைப் பற்றி ஜொகாஸ்டா பேசும்போது, அது அப்பல்லோவிடமிருந்தே வந்தது என்று தான் சொல்லமாட்டாள், அவனுடைய ஊழியர்களிடமிருந்து வந்தது என்கிறாள். தெய்வத்தின் சொல்லும் பூசாரியின் சொல்லும் ஒன்றா என்னும் ஐயம் நாடகத்துக்குள்ளேயே எழுப்பப்படுகிறது. குறிமொழிகள் பொய்த்துப்போகுமானால் இனி பூமியின் தொப்புளுக்குப் பயபக்தியோடு செல்லமாட்டோம் என்று பாடற்குழுவும் தவிக்கிறது. சோஃபக்ளீஸ் இறுதியில் குறிமொழியை மெய்ப்பிக்கிறார் என்பது உண்மை. ஆனால் ஐயத்துக்கு இடமளித்த பின்பே மெய்ப்பிக்கிறார்.

யூரிப்பிடீஸ் ‘அயோன்’ நாடகத்தில் இதைவிடத் துணிந்து செல்கிறார். அதில் அப்பல்லோவால் கெடுக்கப்பட்ட கிரியூசா பெற்றுக் கைவிட்ட குழந்தை, டெல்ஃபி கோயிலிலேயே ஊழியனாக வளர்கிறான். கிரியூசாவின் கணவன் ஷூத்தஸ் குறி கேட்கும்போது, வெளியே முதலில் சந்திப்பவனே உன் மகன் என்று அவனுக்குக் கூறப்படுகிறது. அது இருபொருள் அன்று, அப்பட்டமான பொய். அதன் விளைவாகத் தாய் தன் மகனையே நஞ்சிட்டுக் கொல்ல முயல்கிறாள். முடிவில் விளக்கம் தர அப்பல்லோ வருவதில்லை. கடந்ததற்காகக் குற்றஞ்சாட்டப்படுவதைத் தவிர்க்க அதீனாவை அனுப்பிவிடுகிறான். குறித்தலத்தின் மீதான கண்டனம் கிரேக்கர்களின் கவிதைக்குள்ளேயே இருந்தது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

அரபு மொழியில் ஈடிப்பஸ்

அப்பாசியர் காலத்தில் கிரேக்கத் தத்துவமும் மருத்துவமும் அரபுக்கு வந்தன, நாடகங்கள் வரவில்லை. அரிஸ்டாட்டிலின் ‘கவிதையியல்’ வந்தது. அதில் சிறந்த துன்பியலுக்கு எடுத்துக்காட்டாக ஈடிப்பஸ் மீண்டும் மீண்டும் பேசப்படுகிறது. ஆனால் அதை சிரியாக் மொழியிலிருந்து அரபாக்கிய மத்தா இப்னு யூனுஸ் (மறைவு கி.பி. 940) துன்பியலை ‘மதீஹ்’ என்றும் இன்பியலை ‘ஹிஜாஉ’ என்றும், அதாவது புகழ்ப்பா, வசைப்பா என்றும் பெயர்த்தார். இப்னு ருஷ்து போன்ற பேரறிஞரும் அதே வழியில் உரை செய்தார். நாடகமே காணாத சமுதாயத்தில் இந்தப் பிழை வியப்புக்குரியதன்று. இலக்கணம் கிடைத்தது, இலக்கியம் கிடைக்கவில்லை. இருபதாம் நூற்றாண்டில் தாஹா ஹுசைன் போன்றோர் சோஃபக்ளீஸை மொழிபெயர்த்த பின்னரே அந்த இடைவெளி நிரம்பத் தொடங்கியது.

அடுத்து 1949இல் தவ்ஃபீக் அல்ஹகீம் ‘அல்மலிக் ஊதீப்’ நாடகத்தையும், அலீ அஹ்மத் பாகஸீர் ‘மஃஸாத் ஊதீப்’ நாடகத்தையும் வெளியிட்டார்கள். அல்ஹகீமின் படைப்பில் லையஸுக்கு உரைக்கப்பட்ட குறிமொழி தைரீஸியஸின் சூழ்ச்சி. அரச மரபை மாற்றியமைக்க விரும்பிய அவர், தெய்வத்தின் பெயரால் அதைப் புனைந்தார். ஸ்ஃபிங்ஸ் என்ற விந்தை விலங்கும் உண்மையில் ஒரு சாதாரணச் சிங்கமே. பாகஸீரின் நாடகத்தில் பொய்க் குறிமொழியின் பின்னே இருப்பவர் கோயிலின் தலைமைப் பூசாரி. தைரீஸியஸோ அவரை எதிர்த்து நிற்கும் நேர்மையாளர். பஞ்சத்தில் வாடும் மக்களுக்குக் கோயில் செல்வத்தைப் பகிர்ந்தளிக்க ஈடிப்பஸ் முனைவதே அங்கே மோதலின் மையம். 1948இன் பாலஸ்தீனத் தோல்வி தந்த வேதனையில் இதை எழுதியதாகப் பாகஸீர் பின்னர் குறிப்பிட்டுள்ளார்.

நியாயமற்ற ஒரு குற்றத்தை இறைவன் முன்கூட்டியே ஒருவன் மீது சுமத்துவதை ஏற்கவியலாத உள்ளங்கள் இந்த மாற்றத்தைச் செய்தன என்பது தெளிவு. அதற்கு வரலாற்று ஆதாரமும் இல்லாமலில்லை. ஸ்பார்ட்டாவின் கிளியோமெனிஸ், தம் சக அரசர் டெமராட்டஸ் முறையான வாரிசு அல்லர் என்று சொல்லவைக்க டெல்ஃபியின் செல்வாக்குமிக்க கோபோன் வழியாகப் பித்தியாவை இசைய வைத்தார் என்றும், அது வெளிப்பட்டதும் கோபோன் நாட்டைவிட்டு ஓடினார், பித்தியா பெரியல்லா பதவி இழந்தார் என்றும் ஹெரோடோட்டஸே எழுதியிருக்கிறார். பாகஸீரின் பூசாரி வெறும் கற்பனை அல்லர்.

ஆனால் திறனாய்வு நோக்கில் ஒரு கேள்வி எஞ்சுகிறது. குறிமொழி மனிதச் சூழ்ச்சி என்றால், அது அட்சரம் பிசகாமல் நிறைவேறியது எவ்வாறு? அல்ஹகீம் இக்கேள்வியை உணர்ந்தவர். சூழ்ச்சி செய்தவனின் சுதந்திர இச்சையே தன்னை அறியாமல் ஒரு பெரிய இச்சையின் வட்டத்துக்குள் இயங்கியது என்று அவர் நாடகம் சுட்டுகிறது. ஆக, முன்வாசலில் வெளியேற்றிய விதியைப் பின்வாசலில் அவரே அழைத்து வருகிறார். அதைக் குறை என்று கூறமாட்டேன். அதுவே அவருடைய நாடகத்தின் உயிர்நாடி. பாகஸீரிடமோ குற்றவாளி அகப்பட்டுவிடுகிறான், வழக்கும் முடிந்துவிடுகிறது. சமுதாய நீதிக்கான அவரது குரல் மதிக்கத்தக்கது. ஆனால் ஈடிப்பஸ் தன் கையைத் தன்னுடையது என்று ஏற்கும் அந்தக் கணத்தின் கனம் அங்கே குறைந்துவிடுகிறது. பொய்யன் ஒருவனால் ஏமாற்றப்பட்டவன் இரக்கத்துக்குரியவன். மெய்யைப் பெற்றும் அதைத் தவறாகக் கேட்டவனே துன்பியலுக்குரியவன்.

இருவரும் கிரேக்க நாடகத்துக்கு அந்நியமான ஒன்றைத் திணித்துவிட்டதாகவும் சொல்வதற்கில்லை. ஜொகாஸ்டாவின் வாயில் சோஃபக்ளீஸ் வைத்த ஐயத்தையே அவர்கள் வளர்த்தெடுத்தார்கள். அவர்கள் கைவிட்டது, கேட்பவன் மீதான விசாரணையை.

காஹினும் பித்தியாவும்

அரபு இலக்கியம் பயின்றோருக்கு இங்கே ஜாஹிலிய்யாக் காலத்துக் காஹின்கள் நினைவுக்கு வராமல் இரார். யமன் மன்னரின் கனவுக்கு விளக்கம் சொன்ன ஷிக், ஸதீஹ் ஆகியோரின் கதை இப்னு இஸ்ஹாக்கின் சீராவில் உள்ளது. காஹின்கள் ‘ஸஜ்உ’ என்னும் இயைபு உரைநடையில் பேசினர். பித்தியாவின் விடைகள் செய்யுளாக வழங்கப்பட்டன. அன்றாடப் பேச்சிலிருந்து விலகிய நடையே சொல்லுக்கு அதிகாரம் தந்தது. இறைவசனம் காஹினின் கூற்று அன்று எனத் திருக்குர்ஆன் (69:42) பிரித்துரைத்ததன் ஆழம், இத்தகைய உலகத்தை அறிந்தோருக்கே நன்கு விளங்கும்.

பித்தியாவை ஒரு குறியீடாக மட்டும் கண்டு, அவர் ஒரு மனுஷி என்பதை நாம் மறந்துவிடக்கூடாது. கி.பி. முதலாம், இரண்டாம் நூற்றாண்டுகளில் வாழ்ந்த புளூட்டார்க் டெல்ஃபியிலேயே பூசாரியாக இருந்தவர். ஒரு காலத்தில் இரு பித்தியாக்கள் முறைவைத்துக் குறி சொல்ல, மூன்றாமவர் துணையாக இருந்தார் என்றும், தம் காலத்தில் ஒருவரே போதுமானவராக இருந்தார் என்றும் எழுதுகிறார். அவர் கூறும் ஒரு நிகழ்ச்சி நெஞ்சை உறுத்துவது. வெளியூர்த் தூதுக்குழுவுக்காக, நடுங்க மறுத்த ஆட்டை நீரில் நனைத்து நனைத்து நடுங்கச் செய்தார்கள். விருப்பமின்றி உள்ளே சென்ற பித்தியாவின் குரல் மாறியது; அவர் அலறிக்கொண்டு வாயிலை நோக்கி ஓடி விழுந்தார்; சில நாட்களில் இறந்துபோனார். கேட்பவர்களின் அவசரம் சொல்பவரின் உயிரைக் குடித்தது. கேட்பவர் மீதான கண்டனம் ஒரு பூசாரியின் எழுதுகோலிலிருந்தே வந்திருப்பது கருதத்தக்கது.

உன்னை அறி என்று அறிவுறுத்தும் வாசகம் அக்கோயிலில் பொறிக்கப்பட்டிருந்தது. நீ தெய்வமல்லன், மனிதன் என்பதை உணர் என்பதே அங்கு அதன் முதற்பொருள் என்பர். தன்னை அறிந்தவன் தன் இரட்சகனை அறிவான் என்னும் கருத்துடைய அரபு வாசகம் நம்மிடையே ஹதீஸாக வழங்குகிறது. அது நபிமொழியாக உறுதிப்படவில்லை என்று இமாம் நவவீ கூறியுள்ளார். இமாம் ஸுயூத்தீ அதுபற்றித் தனி நூலே எழுதினார். அவ்வாசகத்துக்கும் டெல்ஃபி வாசகத்துக்கும் உள்ள தொடர்பை அலெக்ஸாண்டர் ஆல்ட்மன் 1963இல் ஆராய்ந்துள்ளார். தெளிவாக ஒன்றைச் சொல்லலாம்: தொப்புள்கல்லுக்கு வந்தவர் கேள்வி கேட்கும் முன், நீ யார் என்று கோயில் அவரைக் கேட்டது. குரோசஸும் ஈடிப்பஸும் அந்தக் கேள்வியைக் கடந்து உள்ளே சென்றவர்கள்.

கி.மு. 479இல் பிளாட்டியா வெற்றிக்குப் பின் கிரேக்க நகரங்கள் டெல்ஃபிக்கு ஒரு வெண்கலத் தூணைக் காணிக்கையாக்கின. மூன்று பாம்புகள் பின்னிப் பிணைந்த வடிவம் அது. மன்னர் கான்ஸ்டன்டைன் அதைத் தம் புதிய தலைநகருக்குக் கொண்டு சென்றார். கி.பி. 4ஆம் நூற்றாண்டின் இறுதியில் தியோடோசியஸின் ஆணைகளால் பழைய வழிபாடுகள் தடைசெய்யப்பட்டபோது டெல்ஃபி ஓய்ந்தது, தூண் நிலைத்தது. உஸ்மானியர் காலத்தில் அது பாம்புகளிலிருந்து நகரைக் காக்கும் என்று மக்கள் நம்பினர். 1700ஆம் ஆண்டு வாக்கில் பாம்புத் தலைகள் முறிந்து வீழ்ந்தன. ஒரு தலையின் பகுதி இஸ்தன்பூல் தொல்பொருளகத்தில் உள்ளது. தலையற்ற தூண், சுல்தான் அஹ்மத் பள்ளிவாசலுக்கு அருகே, ஆத் மைதானத்தில் இன்றும் நிற்கிறது.

குறி சொன்ன வாய்கள் மூடி ஆயிரத்து அறுநூறு ஆண்டுகள் ஆகிவிட்டன. நாம் கேட்க விரும்பியதையே கேட்டுவிட்டு, அதைச் சொன்னவர் மீது பழியைச் சுமத்தும் வழக்கம் மட்டும் ஓயவில்லை. கிரேக்கத் தொன்மத்தைக் குருட்டு விதி என்று ஒரு சொல்லில் தள்ளிவிடுவதும் அவ்வகைக் கேட்டலே. மறுப்பதற்கு முன் முழுமையாகக் கேட்பது அறிவுலகின் அமானிதம். டெல்ஃபிக்கும் அது பொருந்தும்.